மூச்சு என்னுது, மூஞ்சி உன்னுது

என் புருஷனுக்கு டிராம்போன் வாசிக்கத் தெரியாது. எந்தப் பக்கம் வாய் வைக்க வேண்டும் என்று கேட்டால் சரியாகக் காட்டுவான், அவ்வளவுதான். ஆனால் நான் வேலை செய்கிற மிஸ் ஒடெஸாவின் மதுக்கடையில் நிற்கிற படப்பெட்டியில் காசு போட்டால், திரையில் அவன் வெள்ளைக் கோட்டு மாட்டிக்கொண்டு, கன்னத்தை உப்பவைத்து, பித்தளைக் குழாயை முன்னும் பின்னும் இழுத்து ஊதித் தள்ளுவான். மற்றவர்கள் அதைப் பார்த்துக் கை தட்டுவார்கள். நான் மட்டும் வாசலைப் பார்ப்பேன்.

கடையில் அவனை எல்லாரும் ரூஃபஸ் என்பார்கள். நானும் அப்படித்தான் கூப்பிடுவேன், சண்டையில் கூட. அவனுடைய நிஜப் பெயர் காஸ்வெல். தெற்கே ஜார்ஜியா மாகாணத்தில் ஒரு வெள்ளைக்கார மேஸ்திரி ஒரு கறுப்புக் கிழவரைச் சாட்டையால் அடிக்கும்போது இவன் அந்தக் கையைப் பிடித்துவிட்டான். பிடித்ததற்கு ஆறு வருஷம் சிறை, காலில் சங்கிலியோடு ரோடு போடுகிற வேலை. அங்கேதான் ஒரு பாறை விழுந்து இடது கைச் சுண்டுவிரல் போனது. விரல் போன பிறகு ஒரு மழைநாளில் அவன் தப்பினான். பிடித்துக்கொண்டு போனால் மறுபடி ஆறு வருஷம் எல்லாம் கிடையாது. அப்படித் திரும்பிப் போன எவனும் உயிரோடு வெளியே வந்ததாக நாங்கள் கேள்விப்பட்டதில்லை.

இப்படிப்பட்டவன் போய்ச் சினிமாவில் தலையைக் காட்டிவிட்டு வந்து நிற்கிறான்.

நடந்தது இதுதான். ஆற்றோரம் ஒரு கிடங்கில் அந்தப் படத்தை எடுத்தார்கள். பாட்டை முதலிலேயே பதிவு செய்து வைத்துவிடுவார்கள். படம் பிடிக்கும் நாளில் அதை ஓடவிட்டு, வாசிப்பது போல நடித்தால் போதும். பதிவில் டிராம்போன் வாசித்தவர் ஹோரஸ் மாமா. நிஜமான கலைஞர். ஆனால் முன்பல் இரண்டு இல்லை, தொப்பை வேறு. படம் எடுக்கிறவன் அவரை ஒரு பார்வை பார்த்துவிட்டு, நாற்காலி சுமந்துகொண்டிருந்த என் புருஷனைக் காட்டி, "அந்த ஆளுக்குக் கோட்ட மாட்டுங்க" என்றானாம். இவனும் ஈயென்று இளித்துக்கொண்டு போய் நின்றான்.

அன்று வீட்டில் நான் கத்திய கத்தலில் மாடி வீட்டுக்காரர்கள் தரையைத் தட்டினார்கள்.

"உனக்கு மூளை இருக்காய்யா? ஒளிஞ்சு வாழறவன் ஊரெல்லாம் மூஞ்சிய ஒட்டுவானா?"

"பீர் கடைல ஓடற படம் லவினியா. மூணு நிமிஷம். குடிச்சவன் கண்ணுக்கு நான் தெரியவா போறேன்? ஆடற பொண்ணுங்கதான் தெரியும்."

அதற்குப் பிறகு ஹோரஸ் மாமாவுக்கும் அவனுக்கும் ஒரு நாள் கூட ஒத்துப்போனதில்லை. மாமா தினமும் மதியம் வந்து கவுன்ட்டர் ஓரத்தில் வாத்தியப் பெட்டியைக் காலடியில் வைத்துக்கொண்டு உட்காருவார். புதிதாக யார் வந்தாலும், "அது நான் வாசிச்சது, தெரியுமில்ல?" என்பார். பாதிப் பேர் நம்புவார்கள், பாதிப் பேர் சிரிப்பார்கள். அந்தப் பாட்டு ஓடும்போது அவருடைய வலது கை தானாகக் கவுன்ட்டர் விளிம்பில் முன்னும் பின்னும் போகும். குழாயை எங்கே நீட்டினார், எங்கே இழுத்தார் என்று கைக்குத் தெரியும். ரூஃபஸும் அந்தப் பாட்டு கேட்டால் எந்த வேலையையும் போட்டுவிட்டு ஓடி வருவான், தன்னைத் தானே பார்க்க. அப்போது மாமா சொல்வார்:

"மூச்சு என்னுது, மூஞ்சி உன்னுது. மறந்துடாத."

படப்பெட்டியைப் பற்றி ஒன்று சொல்லிவிடுகிறேன். அதில் வேண்டிய படத்தை நாம் தேர்ந்தெடுக்க முடியாது. ஒரு சுருளில் எட்டுப் படம், வரிசையாகச் சுற்றிக்கொண்டே இருக்கும். காசு போட்டால் அடுத்து எது நிற்கிறதோ அதுதான் வரும். இன்னொன்று, பெட்டிக்குள் படம் கண்ணாடிகளில் பட்டுத் திரையின் பின்பக்கமாக வந்து விழுகிறது. அதனால் சுருளில் முன்கூட்டியே இடவலம் மாற்றி அச்சடித்திருப்பார்கள். திரையில் வரும்போது நேராகிவிடும். வாராவாரம் சுருள் மாற்ற வருகிறவன் ஒருநாள் ஃபிலிமை ஜன்னல் வெளிச்சத்தில் பிடித்தபோது எட்டிப் பார்த்தேன். ரூஃபஸுக்கு வலது கையில் விரல் இல்லை. "என்னய்யா, என் புருஷனுக்குக் கை மாறிப்போச்சு?" என்று கேட்டதற்குத்தான் அவன் இதை விளக்கினான். அன்று சிரித்தேன்.

ஒரு செவ்வாய்க்கிழமை மதியம் ரூஃபஸும் மாமாவும் நன்றாக முட்டிக்கொண்டார்கள். யாரோ ஒரு பெண்ணிடம் இவன், "நான்தான் வாசிச்சேன்" என்று அளந்துவிட்டிருக்கிறான். அது மாமாவின் காதில் விழுந்துவிட்டது.

"இருடா. ஒரு நாள் எல்லார் முன்னாடியும் உன் முகமூடியக் கிழிக்கறேன்," என்றார் மாமா.

"முதல்ல பல்லக் கட்டிக்கங்க," என்று சொல்லிவிட்டு இவன் பீர் பீப்பாய் அடுக்க நிலவறைக்குள் இறங்கிப் போனான். நிலவறைக் கதவு கவுன்ட்டருக்குப் பின்னால் தரையில் இருக்கும் பலகை. நான் அதன் மேல் நின்றுதான் பரிமாறுவேன். மாமாவின் முகம் கறுத்துப் போய் இருந்தது. ஒரு குவளை பீர் வைத்து அவரைச் சமாதானப்படுத்தப் பார்த்தேன். தொடவில்லை.

அப்போதுதான் சாம்பல் தொப்பி வைத்து, இடுப்பில் துப்பாக்கி செருகிய ஒரு வெள்ளைக்காரன் உள்ளே வந்தான். வெளியே போலீஸ் வண்டி ஒன்று உறுமிக்கொண்டு நின்றது. மேஜைக்கு மேஜை பேச்சு அடங்கியது. பில்லியர்ட்ஸ் ஆடிக்கொண்டிருந்தவர்கள் கோலை ஊன்றி நின்றார்கள். அவன் நேராக வந்து கவுன்ட்டரில் உட்கார்ந்தான். எனக்குப் பின்னால் சுவர் முழுக்கக் கண்ணாடி. அதில் வாசல், மேஜைகள், மூலையில் இருக்கிற படப்பெட்டி எல்லாம் தெரியும். அவன் அந்தக் கண்ணாடியை விட்டுக் கண்ணை எடுக்கவில்லை. இத்தனை கறுப்பர்களுக்கு முதுகு காட்டி உட்கார அவனுக்கும் பயம்தான் என்று எனக்குப் புரிந்தது. பயந்தவன் கையில் துப்பாக்கி இருந்தால் அது இன்னும் மோசம்.

"ஏ பொண்ணு. இவனத் தெரியுமா?"

ஒரு புகைப்படத்தை நீட்டினான். வெள்ளைக் கோட்டு, உப்பிய கன்னம். என் புருஷன்.

"தெரியாது சார்."

"பேரு காஸ்வெல். ஜார்ஜியா கைதி."

நான்கு வருஷமாக அந்தப் பெயரை நான் யார் வாயிலும் கேட்டதில்லை. கவுன்ட்டரைப் பிடித்துக்கொண்டேன். என் காலடியில், பலகைக்குக் கீழே, அவன் பீப்பாய் உருட்டுகிற சத்தம் கேட்டது.

வந்தவன் புகைப்படத்தை ஒவ்வொரு மேஜைக்கும் தூக்கிக் காட்டினான். அங்கே இருந்த அத்தனை பேருக்கும் அந்த முகம் தெரியும். காலையில்கூட அவனோடு சீட்டு ஆடியவர்கள். ஒருத்தரும் வாய் திறக்கவில்லை. ஜார்ஜியாவிலிருந்து ஒரு வெள்ளைக்காரன் வந்து ஒரு கறுப்பனைத் தேடினால் எங்களுக்கு யாரையும் தெரியாது.

"எங்க ஊர்ப் பக்கம் ஒரு கடைல இந்தப் படம் ஓடிருக்கு," என்றான் அவன். "சிறைக் காவல்காரன் ஒருத்தன் பாத்துட்டு அவன்தான்னு சத்தியம் பண்றான். ஃபிலிம்ல ஒரு துண்ட வெட்டி எடுத்து, எங்க ஊர் ஸ்டூடியோல போட்டோ போட்டோம். ஆனா ஒரு சிக்கல். சிறைக் காகிதத்துல இடது கைல விரல் இல்லன்னு இருக்கு. இதுல பாரு, வலது கை."

பார்த்தேன். ஊர் ஸ்டூடியோக்காரன் மற்ற ஃபிலிம் மாதிரியே நினைத்து அச்சுப் போட்டிருக்கிறான். இது இடவலம் மாறிய சுருள் என்று அவனுக்கு யார் சொல்வார்கள்? கை மாறிப்போய் நிற்கிறது. அந்த ஒரு தப்பு மட்டும்தான் என் புருஷனுக்கும் சங்கிலிக்கும் நடுவில் இருந்தது.

"அப்ப ஆள் வேற போல சார்," என்றேன்.

"இருக்கலாம். அதத்தான் பாக்க வந்தேன். இந்தக் கடைப் பெட்டில அந்தப் படம் இருக்காமே. போய்க் காசு போடு."

ஒரு கை நிறையச் சில்லறையைக் கவுன்ட்டரில் கொட்டினான். அந்த ஆட்களைத் தாண்டிப் போய்ப் போட அவனுக்கு மனசில்லை.

பெட்டியின் திரையில் கை நேராகத் தெரியும். இடது கை. அதைப் பார்த்துவிட்டால் எல்லாம் முடிந்தது. ஒயரைப் பிடுங்கிவிடலாமா என்று நினைத்தேன். பிடுங்கினால் ஏன் பிடுங்கினாய் என்பான். வெளியே இருக்கிறவர்களைக் கூப்பிட்டு நிலவறையிலிருந்து கூரை வரை தேடுவான். என் புருஷனின் முகத்தைக் கொண்டுவர நானே போய்க் காசு போட வேண்டியதாகிவிட்டது.

முதல் காசுக்கு ஒரு வெள்ளைக்காரப் பெண் துடுப்புப் படகில் உட்கார்ந்து பாடினாள். நான் வேகமாகத் திரும்பி வந்து பலகை மேல் நின்றுகொண்டேன். இரண்டாவது காசுக்கு அக்கார்டியன் கோஷ்டி. அதற்கடுத்து எங்கள் படம். அந்தச் சுருள் எனக்கு மனப்பாடம். அக்கார்டியன் ஓடி முடிகிற வரைக்கும் நான் செய்த பிரார்த்தனை, பெட்டி எரிந்துபோகட்டும் என்பதுதான். என் பிரார்த்தனைகளுக்கு அந்த ராசியெல்லாம் கிடையாது.

"டிராம்போன் வாசிக்கற கிழவன் ஒருத்தன் இங்க குடிப்பானாமே," என்றான் அவன். "படத்துல வாசிச்சது தான்தான்னு பீத்திக்கறானாம். எவன் அது?"

காலடியில் வாத்தியப் பெட்டியை வைத்துக்கொண்டு ஒளிய முடியுமா? ஹோரஸ் மாமா மெதுவாக எழுந்தார்.

"நான்தான் ஐயா."

"வாடா கிழவா. இத பாரு."

மாமா புகைப்படத்தை வாங்கினார். கண்ணுக்கு அருகில் கொண்டுபோனார். குழாயை இழுக்கிற கை எது என்று பார்க்க ஒரு டிராம்போன்காரனுக்கு எவ்வளவு நேரம் வேண்டும்? உலகம் முழுக்க இடது கை வாத்தியத்தைத் தாங்கும், வலது கை இழுக்கும். இதில் மாறியிருந்தது. அவர் அதைப் பார்த்துவிட்டதை நான் பார்த்தேன். புருவம் ஒரு தரம் ஏறி இறங்கியது. "இது இடவலம் மாறி அச்சடிச்சது ஐயா" என்று ஒரு வார்த்தை போதும். சற்று முன்பு பட்ட அவமானத்துக்கு வட்டியோடு தீர்த்துக்கொள்ளலாம்.

நான் அவரைப் பார்த்தேன். அவர் என்னைப் பார்க்கவில்லை.

"படத்தப் பாத்தா சொல்லிடுவேன் ஐயா," என்றார்.

எனக்கு இருந்த கொஞ்ச நஞ்ச உயிரும் போய்விட்டது.

"கேட்டியா பொண்ணு? போடு."

பலகையை விட்டு இறங்க எனக்குக் கால் வரவில்லை. அந்தப் பாட்டு ஆரம்பித்த உடனே கீழே இருக்கிறவன் வாயெல்லாம் பல்லாக ஏறி வருவான், அந்தச் சாம்பல் தொப்பியின் மூக்குக்கு நேராகத் தலையை நீட்டுவான். ஆனாலும் காசை எடுத்துக்கொண்டு நடந்தேன். பாதி வழியில் திரும்பிப் பார்த்தேன். ஹோரஸ் மாமா கவுன்ட்டரைச் சுற்றிக்கொண்டு உள்ளே போனார். மிஸ் ஒடெஸா யாரையும் அந்தப் பக்கம் விடமாட்டாள். அவர் போய், வெள்ளைக்காரனுக்கு எதிரே, அந்தப் பலகை மேல் தன் முழுப் பாரத்தோடும் நின்றார்.

காசைப் போட்டேன். ஒரு தரம் கீழே விழுந்தது, எடுத்துப் போட்டேன்.

முதலில் திரையில் படத்தின் பெயர் வந்தது. சுவர்க்கண்ணாடியில் அந்த எழுத்தெல்லாம் திரும்பித்தான் தெரியும். அப்போதுதான் எனக்கு உறைத்தது. அவன் பெட்டியைப் பார்க்கவில்லை. கண்ணாடியைத்தான் பார்க்கிறான், அதில் கையும் மாறித்தான் தெரியும். ஆனால் எழுத்தைப் பார்த்தால் புரிந்துகொள்வான். ஹோரஸ் மாமா தன் அகலத் தொப்பியை எடுத்து விசிறிக்கொண்டே, "உள்ள என்னமா புழுங்குது ஐயா" என்று கண்ணாடிக்கு முன்னால் ஆடினார். எழுத்து மறைந்து பாட்டு ஆரம்பித்தது.

வெள்ளைக்காரன் பெட்டிப் பக்கம் திரும்பக் கழுத்தை அசைத்தான்.

"அதோ ஐயா, அதோ கை! கண்ணாடிலயே நல்லாத் தெரியுது பாருங்க," என்று மாமா விரலை நீட்டினார்.

திரும்பிய கழுத்து மறுபடி கண்ணாடிக்குப் போனது. புகைப்படத்தை உயர்த்திப் பிடித்தான். கண்ணாடியைப் பார்த்தான், புகைப்படத்தைப் பார்த்தான், கண்ணாடியைப் பார்த்தான். இரண்டிலும் வலது கையில்தான் விரல் இல்லை, சிறைக் காகிதத்தில் சொன்ன இடது கையில் அல்ல. இரண்டிலும் குழாயை இழுப்பது இடது கை.

பலகைக்குக் கீழே டொம்மென்று ஒரு இடி. மாமாவின் உடம்பு லேசாகத் தூக்கிப் போட்டது. இன்னொரு இடி. பெட்டியில் டிரம்ஸ் ஓடிக்கொண்டிருந்ததால் பிழைத்தோம். மாமா காலை அகட்டி வைத்துக்கொண்டார். ஆனால் டிராம்போன் தனியாக வாசிக்கிற இடம் வந்தது. அவருடைய வலது கை கவுன்ட்டர் மேல் கிளம்பிவிட்டது. முன்னே, பின்னே, முன்னே. அவருக்கே தெரியவில்லை. வெள்ளைக்காரன் கண்ணைக் கொஞ்சம் தாழ்த்தினால் போதும், குழாயை இழுக்கிற கை வலது கைதான் என்று தெரிந்துவிடும். நான் பெட்டியருகில் நின்றுகொண்டு வாயைப் பொத்திக்கொண்டேன். மாமா திடீரென்று குனிந்து அந்தக் கையைப் பார்த்தார். பார்த்துவிட்டுக் கால்சட்டைப் பைக்குள் திணித்தார்.

"யாருடா இவன்?" என்றான் வெள்ளைக்காரன்.

"டாப்ஸ்னு ஒருத்தன் ஐயா. இடதுகைக்காரன். இந்த நாட்டுல இடது கைல இத இழுக்கறவன் அவன் ஒருத்தன்தான். போன வருஷம் சண்டைக்குக் கப்பல் ஏறினான். கப்பல் திரும்பி வரல."

"அப்ப வாசிச்சது?"

"அவன்தான்."

"நீ வாசிச்சேன்னு ஊரெல்லாம் சொல்லிருக்கியே."

பெட்டியில் அந்த நீண்ட கடைசிச் சுரம் ஓடிக்கொண்டிருந்தது. மாமாவின் மூச்சு.

"பொய் ஐயா. குடிச்சா அப்படித்தான் உளறுவேன்."

வெள்ளைக்காரனுக்குச் சிரிப்பு வந்துவிட்டது. உள்ளே வந்ததிலிருந்து முதல் தடவையாக அவன் தோள் இறங்கியது. "இவங்க எல்லாருக்கும் கேக்கற மாதிரி சொல்லு," என்றான்.

மாமா கடையைப் பார்த்தார். இருபது வருஷமாக அவர் வாசிப்புக்கு ஆடியவர்களின் முகங்கள்.

"அது நான் வாசிச்சதில்ல," என்றார் உரக்க. "எனக்கு அந்த அளவுக்கு வாசிக்க வராது."

பில்லியர்ட்ஸ் மேஜைப் பக்கம் ஒருவன் கெக்கெக்கென்று சிரித்தான். அவன் நடிக்கவில்லை. நிஜமாகவே நம்பிவிட்டான்.

வெள்ளைக்காரன் புகைப்படத்தை இரண்டாகக் கிழித்துக் கவுன்ட்டரில் போட்டான். "அந்தக் காவல்காரன் ஒரு குடிகார நாய். இதுக்காக ரெண்டு நாள் ரயில்ல வந்தேன்," என்று சொல்லிவிட்டு எழுந்து, ஆட்களுக்கு நடுவில் கொஞ்சம் வேகமாகவே நடந்து வெளியே போனான். வண்டி கிளம்பிப் போகிற சத்தம் முழுதாக அடங்குகிற வரை யாரும் அசையவில்லை.

மாமா பலகையை விட்டு இறங்கினார். அடுத்த நொடி அது படாரென்று திறந்தது.

"எவன்யா மேல நின்னது? என் பாட்டு முடிஞ்சே போச்சு," என்று கத்திக்கொண்டே ரூஃபஸ் தலையை நீட்டினான். தலைமுடியெல்லாம் நூலாம்படை.

நான் போய் அவன் கன்னத்தில் ஒன்று விட்டேன். பிறகு அந்தத் தலையைப் பிடித்துக்கொண்டு அழுதேன். ஏன் அடித்தேன், ஏன் அழுகிறேன் என்று ஒன்றும் புரியாமல் அவன் பாதி நிலவறையிலும் பாதி வெளியிலுமாக நின்றான். கிழிந்த புகைப்படத்தை மாமாதான் அவன் கையில் கொடுத்தார். அதைப் பார்த்ததும் அவன் முகத்திலிருந்த ரத்தமெல்லாம் இறங்கிவிட்டது.

"உங்களுக்குத் தெரியுமா மாமா? நான்..."

"உன் நடையப் பாத்த அன்னிக்கே தெரியும். சங்கிலி இருக்கற மாதிரியே கால எடுத்து வெக்கற. எங்க அண்ணன் அப்படித்தான் நடந்தான்."

ரூஃபஸ் நிலவறையிலிருந்து முழுதாக ஏறி வந்தான். பிறகு எல்லாருக்கும் கேட்கிற மாதிரி, "மாமா, அது உங்க மூச்சு. நான் வெறும் மூஞ்சி," என்றான்.

"வாய மூடு," என்றார் மாமா. எத்தனையோ சண்டையில் பார்க்காத கோபம் அவர் முகத்தில் இருந்தது. "அது டாப்ஸோட மூச்சு. இந்தக் கடைல, உன் வீட்டுல, எங்கயும் அப்படித்தான். நாளைக்கு எவன் வந்து கேப்பான்னு யாருக்குத் தெரியும்?"

அதற்கப்புறம் 'மூச்சு என்னுது' என்ற அந்த ஏச்சை அவர் வாயில் நான் கேட்கவில்லை. ரூஃபஸ் இப்போதெல்லாம் கடைக்கு வருவதில்லை, வேறு இடத்தில் கையுறை போட்டுக்கொண்டு வேலை செய்கிறான். ஒவ்வொரு முறை கதவு திறக்கும்போதும் நான் இன்னும் முதலில் தொப்பியைத்தான் பார்க்கிறேன். மாமா வழக்கம் போல மதியம் வந்து அதே ஓரத்தில் உட்காருகிறார். போன வாரம் ராணுவ உடுப்புப் போட்ட ஒரு பையன் பெட்டியில் காசு போட்டான். அந்தப் படம் வந்தது. "அடேயப்பா, யாருய்யா இந்த டிராம்போன்?" என்று அவன் மாமாவைக் கேட்டான்.

"யாரோ டாப்ஸாம்," என்றார் ஹோரஸ் மாமா. சொல்லிவிட்டு, தனி வாசிப்பு வருவதற்கு முன்பே, வலது கையை எடுத்துப் பைக்குள் வைத்துக்கொண்டார்.